நீங்க எந்தப் பக்கம்?

ஸ்கேன் சென்டரில் முதல் நாள் கேட்டார்கள்,
நீங்க எந்தப் பக்கம்?
பெரம்பூர் என்றது நாக்கு,
ஒரு ஸ்டாப்பிங் தள்ளித் தானாக இறங்கிக்கொண்டு.
வியாசர்பாடி என்று உண்மை சொன்ன இடத்தில்
கையெழுத்துவரை வந்த வேலை
‘கூப்பிடறோம்மா’ என்றதோடு சரி.

மழை பெய்தால் கணேசபுரம் சப்வேயில்
பஸ் மூழ்கும்.
லீவு கேட்க முடியாது,
பெரம்பூரில் அவ்வளவு தண்ணீர் இல்லையே.
புடவையை முட்டிக்குமேல் சுருட்டி
செருப்பைப் பைக்குள் திணித்து
பொய்யை மட்டும் நனையாமல்
தலைக்குமேல் தூக்கிக்கொண்டு நடப்பேன்.

என் நாத்தனார் பூங்காவனத்துக்குக்
கீழ்ப்பாக்கத்தில் ஒரே அடுக்கில் நாலு வீடு.
அங்கே லிஃப்ட் இரண்டு.
ஒன்றில் கண்ணாடி, ஒன்றில் குப்பை வாளி.
நாய் கண்ணாடியில் போகும்.
இவள் வாளியோடு.
ஜன்னலோரம் தனியாகக் கவிழ்த்து வைத்த டம்ளருக்கு
இவள் வைத்த பேர் கலெக்டர்.
‘தனி ரூமு. யாரும் கிட்ட போவமாட்டாங்க இல்ல?’

போன வியாழன் வாளி லிஃப்ட் ரிப்பேர்.
கண்ணாடி லிஃப்ட் ஓடிக்கொண்டுதான் இருந்தது.
ஏழாவது மாடிப் படியில் வழுக்கி
மணிக்கட்டு வீங்கி
மேடத்தின் காரில், பழைய பேப்பர் விரித்த பின்சீட்டில்
வந்து இறங்கினாள் என் கவுன்ட்டருக்கு.

நான் அவளைத் தெரிந்த மாதிரி பார்க்கவில்லை.
அவளும்.
பேரு?
பூங்காவனம்.
வயசு?
நாப்பத்தியொண்ணு.
நீங்க எந்தப் பக்கம்மா?

மேடம் போனில் இருந்தார்.
பூங்காவனம் மேசை விளிம்பைப் பார்த்து
‘புரசைவாக்கம்’ என்றாள்.
கதவு நம்பர் கேட்டேன்.
எங்கள் வீட்டு நம்பரைச் சொன்னாள்.
டைப் செய்தேன்.

சாயங்காலம் மாவுக்கட்டோடு
வால்டாக்ஸ் ரோட்டோரம் நடந்தோம் ரயிலுக்கு.
வெள்ளைக்காரன் கோட்டைக்குள் இருந்துகொண்டு
இந்தப் பக்கத்துக்குக் கறுப்பர் நகரம் என்று பேர் வைத்து
சுற்றிச் சுவர் எழுப்பி
அந்தச் சுவருக்கே வரி கேட்டானாம்.
சொன்னேன்.
‘செவுரு எங்க?’ என்றாள்.
தேடிப்பார்த்தோம்.
பார்சல் லாரிகள், பிளாட்பாரத்தில் குழந்தைக்குத்
தலை துவட்டும் ஒருத்தி.

ரயிலில் சிரிப்பு வந்தது.
புரசைவாக்கமாம்!
பெரம்பூராம்!
பேசின்பிரிட்ஜ் வரை அடக்க முடியவில்லை,
எதிர் சீட்டுப் பெண்ணும் காரணம் தெரியாமல் சிரித்தாள்.

ஜீவா ஸ்டேஷனில் இறங்கும்போதுதான்
ஞாபகம் வந்தது.
எக்ஸ்ரே ரிப்போர்ட்டைக்
கொரியரில் போட்டுவிட்டேன்,
புரசைவாக்கத்தில்
எங்கள் வீட்டுக்கு.