மெழுகு

மூதூர்ப் படகு எட்டரைக்கு.
பையில் நாற்பது படிவம், ஒரு நீலப் பேனா.
அதன் மூடி தொலைந்து இரண்டு நாள்.

இலக்கந்தையில் கதிரன் வள்ளிநாச்சி
வலையிலிருந்து நண்டு பிரித்துக்கொண்டிருந்தாள்.
"வேடர் எண்டு எழுதுங்கோ."
கட்டம் இல்லை.
சிங்களவர் உண்டு, தமிழர் உண்டு,
சோனகர், மலாயர், பறங்கியர் உண்டு.
"பறங்கிக்குக் கட்டம் இருக்கோ?"
இருக்கிறது.
சிரித்தாள். நண்டு ஒன்று கைநழுவி
மணலுக்குள் போகும்வரை சிரித்தாள்.

குடாவுக்கு அப்பால் கோணமலை,
வெயிலில் ஒரு முறிந்த பல்.
கோயிலை உடைத்த கல்லில் கோட்டை.
வாசற் சுவரில் இணைக் கயல்
மூச்சுமுட்ட நிற்கிறது.
உள்ளே புள்ளிமான்கள் பிஸ்கட் தாள் தின்னும்.
கட்டியவன் போர்த்துக்கேயன் என்று பள்ளியில் படித்தேன்.
அந்த ஆண்டுகளில் அவன் முடியும்
ஸ்பெயின்காரன் தலையில் இருந்தது என்று
பரீட்சைக்குப் பிறகுதான் அறிந்தேன்.
மாட்ரிட்டில் ஒருவன்
கொட்டியாரக் குடாவுக்கு அரசன்.
இந்த நண்டுக்கும் அரசன்.
அவனும் பிழையான கட்டத்தில்தான் கிடக்கிறான்.

கோட்டைக்குள் ஒரு கணக்கன்,
தியோகு என்று பெயர் வைத்துக்கொள்கிறேன்,
குளிர்காய்ச்சல், நுளம்பு, மை காயாத ஈரம்.
யானை இரண்டு, தந்தத்தோடு ஒன்று.
பாக்கு எழுபது அமுணம்.
மரைத்தோல். தேன். மெழுகு பதினாறு கட்டி.
கொண்டுவந்தவர்: காட்டார் சிலர்.
எத்தனை பேர் என்ற இடத்தில்
ஒரு கோடு.
அந்தக் கோட்டை அவன் இழுத்தது
அவர்கள் கொணர்ந்த மெழுகின் வெளிச்சத்தில்.

இதையெல்லாம் நான் வாய்விட்டுச் சொல்லவில்லை.
அவளாகத்தான் சொன்னாள்:
"சடங்குக்குக் கப்பல் தெய்வமும் வரும்.
தொப்பி கேக்கும், வெடிச்சத்தம் கேக்கும்,
எங்களுக்கு விளங்காத பாசை பேசும்.
காட்டுத் தெய்வமெல்லாம் உண்ட பிறகு
கடைசிப் பந்தலில இருத்துவம்.
பாவம், தூரத்தில இருந்து வந்தது."

பேனா கசிந்து விரல் நீலமாயிற்று.
'ஏனையோர்' என்ற கட்டத்துக்கு
மெல்ல நகர்த்தினேன்.

வள்ளிநாச்சி எட்டிப் பார்த்தாள்.
"அது கப்பலின்ர இடமெல்லோ?"

மூன்று மணிப் படகுக்கு
இன்னும் நேரம் இருந்தது.