குரல் பை இல்லாதவன்

ந்லோனாகோ மலையில் மழை நின்றுவிட்டது என்று
யாரும் சொல்லிவிட முடியாது.
மேகம் ஓய்ந்த பிறகும் மரங்கள்
தம் பங்குக்குப் பெய்துகொண்டிருக்கும்.

பகலெல்லாம் கல் குவாரியில் சம்மட்டி பிடித்த எவானே
இரவில் ஓடைக்கு வருகிறான்.
நெற்றியில் டார்ச். இடுப்பில் கத்தி.
தோளில் நைலான் வலை,
அறுந்துபோன மூன்று கண்ணிகளை
ந்தூபே தன் சடை பின்னும் நூலால் முடிந்து கொடுத்தது.

தவளை பிடிக்கத் தெரியாதவன் அருவியைத் தேடுவான்.
நுரைக்குப் பக்கத்துப் பாறையில்
கைக்குழந்தை அளவுக்குக் குந்தியிருக்கும் அது,
வெளிச்சம் பட்டதும் பாயும்.
பாய்ந்த இடம் ஈரமாய் இருக்கும்;
அங்கே எல்லாப் பாறையும் ஈரம்தான்.

தெரிந்தவன் தேடுவது சுத்தத்தை.

இலை, சுள்ளி, அழுகிய அத்தி, செத்த வண்டு
எல்லாம் ஓடையில்தான் வந்து விழும்.
அதற்கு நடுவே ஓரிடத்தில்
சாப்பாட்டுக்குக் கழுவி வைத்த தட்டுபோல்
ஒரு குட்டை.
இலை ஒன்றும் கிடையாது. அடியில் வெறும் பருமணல்.
சுற்றிலும் கல்லடுக்கிய கரை.

விளக்கை அணைத்து உட்கார்ந்தான்.

நெடுநேரம் தண்ணீர் மட்டுமே பேசியது.
பிறகு ஓர் உரசல்.
கல்மேல் கல்.
குவாரிக்காரன் காதுக்குத் தப்புமா:
இரண்டு கிலோ, கொஞ்சம் கூடலாம், கருங்கல்,
அடி வழுக்குகிறது, இன்னும் இடம் சேரவில்லை.

இருட்டில் அவன் தோள்கள் தாமாகவே இறுகின.
'பின்னங்காலை இடப்பக்கம் மாற்றிக் கொடு' என்று
நாக்குவரை வந்ததை விழுங்கினான்.

உரசல் நின்றது. மூச்சு வாங்குகிறதோ என்னவோ.
மறுபடி உரசல்.
யார் கொடுப்பார் இதற்குக் கூலி,
லோடு கணக்கு எழுதும் மேஸ்திரி எங்கே
என்றெல்லாம் அவன் நினைக்கவில்லை, நான் நினைக்கிறேன்.
அவன் நினைத்தது:
மூன்று கிலோ தேறும்.
ன்கோங்சம்பாவில் ஓட்டல்காரி மதாம் பெலாஜி
ஆறாயிரம் ஃபிராங்க் தருவாள்.
கூரைக்கு இன்னும் நான்கு தகரம் பாக்கி.
ந்தூபேக்கு ஏழாம் மாதம்.

தவளை தன் வாயால் கெடும் என்று
என் மொழியில் ஒரு பழமொழி.
இதற்கு அப்படிக் கெடவும் வழியில்லை.
தொண்டையில் குரல் பை கிடையாது.
வாயைத் திறந்து ஒரு சீழ்க்கை,
அதையும் அருவி வாங்கிக்கொள்ளும்.
இது கெடுவது கையால்.
பெருக்கியதால், ஒதுக்கியதால்,
ஓர் இலைகூட விட்டுவைக்காத
அந்தப் பிடிவாதத்தால்.

விளக்கைப் போட்டான்.
இரண்டு கண்கள், புதுக் காசு நிறம்.

பாய்ந்திருந்தால் தப்பியிருக்கும்.
ஆழம் நாலே அடி தூரத்தில்.
அதுவோ நகர்ந்து வந்து
குட்டைக்கும் அவனுக்கும் நடுவில்
உட்கார்ந்தது.

வலை விழுந்தது.

இறங்கும் வழியெல்லாம் சாக்குக்குள்ளிருந்து
அவன் முதுகில் விழுந்த உதை,
இரவில் ந்தூபேயின் வயிற்றில் கை வைத்தால்
கிடைக்கிற அதே உதை.
அதை மட்டும் அவளிடம் அவன் சொல்லவில்லை.

ஆறாயிரம் இல்லை. நாலாயிரத்து ஐந்நூறு.
தகரம் மூன்று.

நாலு நாள் கழித்து வலையில்லாமல் போனான்,
கத்தியை மறந்துவிட்டதாகச் சொல்லிக்கொண்டு.
கத்தி இடுப்பில்தான் இருந்தது.

குட்டையில் இலைகள் மிதந்தன.
மணலில் ஒட்டிய முட்டைகளில்
சில வெளுத்திருந்தன;
சிலவற்றுக்குள் கறுப்பாய் ஏதோ நெளிந்தது.
கரைக்கு ஒரு சாண் இப்பால்
அந்த இரவின் கல்
பாதி வழியில் நின்றிருந்தது.

குனிந்தான்.
இடப்பக்கமாய் எடை கொடுத்துப் புரட்டினான்.
வரிசையில் சேர்ந்தது.
இரண்டு கிலோவுக்குக் கொஞ்சம் கூட.
காது பொய் சொல்லவில்லை.

இலைகளை எடுக்கக் கை நீட்டியவன்
அப்படியே விட்டுவிட்டான்.
சுத்தமாயிருந்தால்
தெரிந்தவன் எவனாவது
கண்டுகொள்வான்.