முட்டுச்சந்து

புரோக்கன் ஹில்லில் நான் கார் ஓட்டப் பழகுவது
எனிட் டிரெவாரோ தெருவில்.
நூற்றெண்பது மீட்டர். பிறகு கம்பி வேலி,
வேலிக்குப் பின்னால் சுரங்கத்தின் கரிய கழிவுமேடு.
ஆள் வராத தெரு, பின்னோக்கி எடுக்கப் பழக நல்லது
என்கிறாள் பிரான்வின்,
மணிக்கு எழுபது டாலர் வாங்குகிறவள்.
பெயர்ப்பலகையில் ஓர் 'ஆர்' குறைகிறது.

புதன்கிழமைகளில் நகரமன்றக் கூடத்தைத் துடைக்கிறேன்.
அங்கே கண்ணாடிப் பெட்டிக்குள் அவளுடைய பறப்பேடு,
எந்நாளும் ஒரே பக்கம் திறந்தபடி:
1934 மார்ச், அடிலெய்டுக்குத் தனியாக,
மூன்று மணி ஐம்பது நிமிடம்.
மேயர்கள் அருகில் நின்று படம் எடுத்துக்கொள்ளும் பக்கம்.

பெட்டியை மாற்றிய அன்று
வெள்ளைக் கையுறையோடு ஏட்டைத் தூக்கியவள் நான்.
தூக்கியவள் புரட்டாமல் இருப்பாளா?

சாராய ஆலையில் ஆறு வருடம் கணக்கெழுதி வாங்கிய விமானம்.
மரச்சட்டம், மேலே துணி, துணிமேல் பசை.
கடன் பத்திரத்தில் தம்பியின் கையெழுத்து.
அவனுக்கு இருபத்தொரு வயது, வேலை கிடையாது,
ஆனால் ஆண்.

'ஏப்ரல் 9. பல் வைத்தியர். வழியெல்லாம் வாந்தி.
மே 2. கல்யாண உடுப்பு, ஈஸ்ட், ஒரு சேவல்.
மே 3. சேவல் திரும்பி வந்தது. ஏற்க மறுத்தார்கள்.
ஜூன் 20. மெனிண்டியிலிருந்து குழந்தை. தாமதம்.'
தாமதம் என்ற சொல்லின் கீழே
இரண்டு கோடு. தாள் கிழிந்திருக்கிறது.
அடுத்த நாளும் பறந்திருக்கிறாள்: தபால்.

கடைசி அட்டையில் மடித்துச் செருகிய
மருத்துவப் படிவம் ஒன்று.
மாதவிலக்கு நாட்களில் பறக்கமாட்டேன் என்று
அழகான எழுத்தில் ஒப்பமிட்டிருக்கிறாள்.
அந்த ஆண்டு ஏட்டில்
ஐந்து நாள் சேர்ந்தாற்போல் விடுபட்ட இடம்
எங்கே என்று தேடினேன்.
இல்லை.
துடைப்பத்தைச் சாய்த்துவைத்துவிட்டுச் சிரித்தேன்.

போர் முடிந்து பையன்கள் திரும்பினார்கள்.
கம்பெனிகள் அவர்களை எடுத்துக்கொண்டன.
1947, கடைசி வரி:
'எஞ்சினை மட்டும் ஓட்டிப் பார்த்தேன். நன்றாக இருக்கிறது.'
நேரம் என்ற கட்டத்தில் சுழியம்.
பிறகு போர்ட் பிரீயில் ஒரு டயர் கடையில்
இருபத்திரண்டு வருடம் கணக்கெழுதினாள்.
இது ஏட்டில் இல்லை,
சுவரிலுள்ள பித்தளைத் தகட்டிலும் இல்லை.
நூலகத்தில் கேட்டு வாங்கிய இரங்கல் குறிப்பில்,
நாலு வரியில் ஒரு வரி.

போன செவ்வாய் ஓட்டுநர் தேர்வில் தோற்றேன்.
நாற்பத்துநான்கு வயதில், சந்தியில்
மிக அதிகம் தயங்கினேனாம்.
நாளைக்கு மறுபடி அந்தத் தெரு,
மறுபடி அந்த வேலிவரை பின்னோக்கி.

இன்று காலை அலுவலகத்து டெஸ்மண்ட்
பெட்டிமுன் நின்று நெற்றியைச் சுருக்கினார்.
'யார் பக்கத்தை மாற்றியது?
இதில் ஏதோ சேவல் என்றிருக்கிறதே?'

காற்றாக இருக்கும் என்றேன்.

'கண்ணாடிப் பெட்டிக்குள்ளா?'

நான் வாளியை எடுத்துக்கொண்டு
அடுத்த அறைக்குப் போனேன்.