பின்னணி ஒலி

ஆவணக் காப்பகத்தில் அந்தத் தாள் கிடைத்தது.
ஊதாக் கார்பன் எழுத்து. 1949, மார்ச்.
பசு, செவலை, ஏழு வயது, பெயர் ஸீலே.
பசு, புள்ளி, நிறைசினை, பெயர் ரைபா.
குதிரை, இடக்கண் மங்கல், பெயர் பேரிஸ்.
வைக்கோல் இரண்டு வண்டி.
நபர்கள் நான்கு.

ஐவா கேமராவுக்கு முன் இரண்டு முறை வாசித்தாள்.
மூன்றாம் முறை வைக்கோலோடு நின்றுவிட்டாள்.

அடுத்த பண்ணை ஹாரால்ட்ஸுக்கு அப்போது ஒன்பது வயது.
லாரி வந்ததைப் பார்க்கவில்லை.
யார் அழுதார்கள், எதை எடுத்துப் போனார்கள்,
சைபீரியாவில் எந்த ஊர், ஒன்றும் தெரியாது.
மாடுகள் கத்தியது தெரியும்.
மூன்று ராத்திரி,
மடி கல்லாகிக் கத்தின.
"அம்மா ஜன்னலில் போர்வையை ஆணியடித்து மாட்டினாள்."

போய்க் கறந்திருக்கலாமே, என்றாள் ஐவா.

அவர் தொப்பியைக் கழற்றினார். மறுபடி போட்டுக்கொண்டார்.
நான் ஒலிவாங்கிக் கோலை இறக்கவில்லை.
பதினோரு நொடி. ஒரு ஈ. ஒரு சுவர்க்கடிகாரம்.
"கறந்தால்
நாங்களும் அந்த வீட்டு ஆட்கள் என்றாகிவிடும்."

படத்துக்கு அந்தக் கத்தல் வேண்டியிருந்தது.
விலைக்குக் கிடைத்த ஒலிகளில்
எல்லா மாடும் வயிறு நிறைந்தவை.
வால்மியெராவுக்கு அப்பால் ஒரு பால் பண்ணை,
எண்ணூறு கறவை.
என்ன மாதிரிக் கத்தல் என்று ரைமோண்ட்ஸ் கேட்டான்.
சொன்னேன்.
"அப்படியென்றால் வியாழக்கிழமை வாருங்கள்.
கன்று பிரிக்கிற நாள்."

வியாழன். மைனஸ் நான்கு.
ஈரம் காயாத கன்று
தள்ளுவண்டியில் போயிற்று.
கம்பிக்கதவு வரை வந்தது தாய்.
சீம்பால் சிமெண்டில் சொட்டியது, ஆவி பறந்தது.
பிறகு தொடங்கியது.
கருவியில் அளவுக்கோடு சிவப்பைத் தொட்டது.
நான் செய்ததெல்லாம்
குமிழைக் கொஞ்சம் திருகி ஒலியைக் குறைத்ததுதான்.
'நல்ல பதிவு, இரைச்சல் இல்லை' என்று குறித்தும் வைத்தேன்.

"மூன்று நாளில் மறந்துவிடும்" என்றான் ரைமோண்ட்ஸ்.
ஐவா சட்டென்று திரும்பிப் பார்த்தாள்.
அவனுக்கு ஹாரால்ட்ஸ் யாரென்று தெரியாது.

தொகுப்பறையில்
ஊதா எழுத்தின் மேல் அந்தக் குரலை ஓடவிட்டோம்.
பொருந்தியது.
உட்கார முடியாத அளவுக்குப் பொருந்தியது.
"மனுஷனையும் மாட்டையும் ஒன்றாக்கிவிட்டாய் என்று
உன்னைத் திட்டுவார்கள்" என்றேன்.
"திட்ட மாட்டார்கள். யாருக்கும் தெரியாதே,
இது போன வியாழக்கிழமையின் அழுகை என்று"
என்றாள். அதைச் சொன்னபோது
அவள் முகம் எனக்குப் பிடிக்கவில்லை,
அவளுக்கும்.

குரலை எடுத்தோம். ஈயையும் கடிகாரத்தையும் வைத்தோம்.
மறுபடி குரலை வைத்தோம்.
விடியும்வரை இதே வேலை.

கடைசியில் பெயர்ப் பட்டியல் மட்டும் பாக்கி.
ஒலிப்பதிவுக்குக் கீழே ஒரு வரி காலியாக விட்டுவிட்டு
ஐவா பண்ணைக்குப் போன் செய்தாள்.
அந்தப் பசுவின் பெயர் என்ன?

மறுமுனையில் விசைப்பலகை தட்டும் சத்தம்.
"காதுவில்லை எண் இருக்கிறது" என்றான் ரைமோண்ட்ஸ்.
"முழுதும் வேண்டுமா,
கடைசி நான்கு இலக்கம் போதுமா?"