எந்தக் கபர்

சமர்கந்தில் ஆறு வருடம் மருத்துவம் படித்தேன்.
வாடகை அறையின் ஜன்னலடியில் ஒரு தகரப் பெட்டி.
அதற்குள் சனோபர் இருந்தாள்.

வீட்டுக்காரி தில்ரோமின் அம்மா. இறந்து பதினோரு வருடம்.
பருத்திக் கொள்முதல் நிலையத்தில் எடை எழுதியவள்.
சீட்டின் முன்பக்கம் பெயர், கிலோ, ஈரக் கழிவு.
பின்பக்கம் கவிதை.
இருபத்தாறு அறுவடைக்குச் சீட்டுகள்,
இன்னும் பஞ்சு ஒட்டியிருந்தது சிலவற்றில்.

அச்சில் வந்தது ஒரே புத்தகம்.
அதற்கு அவள் கட்டிய வரி
வெள்ளைத் தங்கத்தைப் புகழ்ந்து ஏழு பாட்டு.
‘ஏழும் மோசம்’
என்று ஓரத்தில் அவளே எழுதிவைத்திருக்கிறாள்.

பள்ளிக்கூடத்தைப் பூட்டிவிட்டுப்
பிள்ளைகளைக் காட்டுக்கு ஓட்டிப்போன மாதங்களில்
அவள் தராசு கொஞ்சம் பொய் சொல்லியிருக்கிறது,
பிள்ளைகள் பக்கமாய்.
யார் பெயரில் எத்தனை கிலோ என்பது வரை
அதையும் எழுதியிருக்கிறாள்.
பிடிபட்டிருந்தால் அதுதான் சாட்சி.

அவள் பிறக்க மூன்று வாரம் இருக்கையில்
அப்பாவைக் கூட்டிப்போனார்கள்.
ஒரு கையெழுத்து, போட்டதும் வந்துவிடலாம் என்றார்களாம்.
‘அந்தப் பேனாவில் இன்னும் மை தீரவில்லை.’
இது அவள் வரி.

கிதாப், கலம், துனியா, வக்து:
என் மேலப்பாளையத்து வீட்டுச் சொற்கள்
அங்கே குளிர்கோட்டு மாட்டிக்கொண்டு நின்றன.
கூப்பிட்டால் திரும்பிப் பார்த்தன.
ஆனால் கபர் அங்கே இரண்டு.
தொண்டையில் உரசிச் சொன்னால் சேதி.
இன்னும் உள்ளே இறக்கினால் அடக்கக் குழி.
எழுத்தும் வேறு, குழியின் எழுத்துக்கு ஒரு சின்ன வால்.
சனோபரின் கடைசிக் கவிதை
அந்த வாலைப் பிடித்துக்கொண்டுதான் நடக்கிறது.
நம் எழுத்தில் வாலுக்கு எங்கே போக?

இப்போது ஹைகிரவுண்டு ஆஸ்பத்திரியில் ராத்திரி டூட்டி.
மூன்று மணிக்கு வார்டு அடங்கும்போது
ஓ.பி. சீட்டின் பின்புறம் அவளைத் தமிழில் எழுதுகிறேன்.
வேறு தாள் கிடையாது, அவ்வளவுதான் காரணம்.

போன செவ்வாய்க்கிழமை விடிகாலையில்
அந்தக் கட்டிலிருந்தே ஒன்றை உருவி
செய்யதலி பாத்துவுக்கு இருமல் மருந்து எழுதிவிட்டேன்.
முன்பக்கம் பார்த்துக் குப்பியைக் கொடுத்தார்கள்.
பின்பக்கத்தை அவள் மகள் பஸ்ஸில் வாசித்தாள்.
முருகன்குறிச்சியில் இறங்கி
இரண்டுபேரும் திரும்பி நடந்தே வந்துவிட்டார்கள்.

‘கபர் வரவில்லை.
கபரும் இல்லை.
எங்கே போய்க் காது வைப்பேன்,
எங்கே நின்று கையேந்துவேன்?’

“டாக்டரம்மா, இதுல மொதக் கபரு எந்தக் கபரு?”

நான் வாயெடுப்பதற்குள் கையமர்த்தினாள்.
நகக்கண்ணில் பீடித்தூள்.
“இருக்கட்டும். எனக்கு ரெண்டும் ஒண்ணுதான்.
ஜித்தாவுக்குப் போனவுக. பன்னெண்டு வருசமாச்சு.”

எனக்குச் சொல்லத் தெரிந்தது வேறெதுவும் இல்லை.
எழுதினவளைப் பற்றிச் சொன்னேன்,
அந்த ஊரை, குளிரை, எடைச்சீட்டை.
தராசு பொய் சொன்ன இடத்தில்
இருமலை மறந்து சிரித்தாள்.
“அவ எங்க பீடிக்கடையில இருந்திருக்கப்படாதா?
இலை நிறுக்கிற தராசு ஒருநா
எங்க பக்கம் பொய் சொல்லிருக்குமா!”

சீட்டை நாலாக மடித்து
மருந்துக் குப்பியோடு முந்தானையில் முடிந்துகொண்டாள்.
அந்தக் கவிதைக்கு என்னிடம் நகல் இல்லை.
மேலே உள்ளது ஞாபகத்திலிருந்து,
ஒரு வரி முன்னே பின்னே இருக்கலாம்.

வாசல்வரை போனவள் திரும்பிக் கேட்டாள்:
“மூணு வேளையாம்மா?”

மூணு வேளை.
சாப்பிட்ட பிறகு.