பதினோரு ஃபிரேம்

நீடாமங்கலத்தில் ரயில்வே கேட் போட்டுவிட்டால்
காலைக்காட்சி பத்து நிமிஷம் தள்ளிப்போகும்.
அந்தப் பக்கம் நிற்கிற சைக்கிள்களெல்லாம்
உரம் வாங்கக் கிளம்பியவை, பேச்சுக்கு.

கதை எனக்கு மனப்பாடம்.
எஸ்டேட் பங்களா. இருமுகிற முதலாளி.
புதுசாய் வந்த டிரைவர்.
மழை பிடிக்கும், கரண்ட் போகும்,
பால் டம்ளர் உருண்டோடி நிற்கும்வரை
சாக்ஸபோன் அழும்.
வாய் மலையாளத்தில் அசைய
பெருமூச்சு கோடம்பாக்கத்தில் விடுவார்கள்.
கடைசி ரீலில் ஒரு மலை விளிம்பு.
அவள் மட்டும் விழுவாள்.

ஐந்தாம் ரீலுக்கும் ஆறுக்கும் நடுவே
நான் ஒட்டுகிற துண்டு.
தஞ்சாவூர் பஸ்ஸில் முறுக்கு டின்னுக்குள் வந்தது.
பச்சைச் சேலையோடு கதவைச் சாத்தியவள் ஒருத்தி,
கட்டிலில் இருப்பவள் வேறொருத்தி.
சுவர் வேறு. காலண்டரில் மாசம்கூட வேறு.
ஒருத்தரும் கேட்டதில்லை.
அடுத்த வெள்ளி வேறு படம், வேறு பங்களா,
அதே கட்டில், அதே அவள்,
முழங்காலில் அதே தழும்பு.
துண்டுக்குச் சத்தம் கிடையாது.
முந்நூறு பேர் மூச்சடக்குவதுதான் கேட்கும்.

அந்த வருஷம் ஆடி பிறந்தும்
மூணாறு தலைப்பில் மணல்தான் கிடந்தது.
வேலையில்லாத ஊர் தரை டிக்கெட்டில் உட்கார்ந்தது.
துண்டை ரெண்டு தரம் ஓட்டச் சொன்னார் மேனேஜர்.

டிக்கெட் கிழிக்கிற காத்தமுத்துக்குக் காது கேட்காது.
எந்தப் படமும் அவனுக்கு ஊமைப்படம்,
ஆள் ஆளாய் உதட்டைப் படிப்பான்.
ஒருநாள் இரும்புப் படியேறி வந்தான்.
திரைப்பக்கம் கை நீட்டினான்.
முழங்காலைத் தட்டிக் காட்டினான்.
அப்புறம் கட்டைவிரலை
வாய்க்கு மேலே கவிழ்த்தான்.

ரீலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன்.
ஓரிடத்தில் அவள்
மேலிருப்பவனைத் தாண்டி
கேமராவுக்குப் பக்கத்தில் யாரையோ பார்க்கிறாள்.
உதடு திறந்து மூடுகிறது.
என்ன பாஷையோ.
இத்தனை வாரம் என் விரல்வழியாகத்தான் போயிருக்கிறாள்.

வெட்டினேன்.
ஒட்டி, ஊதிக் காயவைத்தேன்.
மறுநாள் ஒருவருக்கும் தெரியவில்லை.
காத்தமுத்து மட்டும் திரும்பி
ஆபரேட்டர் ஓட்டையை நிமிர்ந்து பார்த்தான்.
உள்ளங்கையால் தன் வாயைப் பொத்திக் காட்டினான்.
நான் பல்பை அணைப்பதுபோல் தலையை இழுத்துக்கொண்டேன்.

ஆவணி பாதியில் தண்ணி வந்தது.
நுரையும் செத்தையுமாக, பழுப்பாக.
தரை டிக்கெட் காலி.
பதினோரு பேருக்கு, எண்ணிப் பார்த்தேன், படம் ஓட்டினேன்.
சட்டைப்பையில் தீப்பெட்டி. அதற்குள் அவள் வாய்.
ராத்திரி வெண்ணாற்றுப் பாலத்தில் நின்று
அதைத் திறந்தேன்.
போட மனசு வரவில்லை.
தண்ணிச் சத்தம் மட்டும்
கேட்கட்டுமென்று
திறந்தே வைத்திருந்தேன், கொஞ்ச நேரம்.