பதினோராவது ஆள்

இந்தப் பெட்டிக்கு இனி அப்டேற் வராது.
சேர்வரை மூடின கொம்பனி
ஒரேயொரு வரி விட்டுவைத்திருக்கிறது:
"தொடர்புகொள்ள முடியவில்லை. பின்னர் முயலவும்."
நாலு வருஷமாக முயன்றுகொண்டுதான் இருக்கிறேன்.

டண்டினோங் ஸ்ரேசனுக்குப் பின்னால்
அடகுக்கடையில் நாற்பது டொலர்.
கொன்ரோலரின் இடது குமிழ் ஒரு பக்கம் தேய்ந்திருந்தது.
யாரோ ஒரு பொடியன்
எந்தப் பந்தையும் லெக் பக்கமே இழுத்திருக்கிறான்.
உள்ளே, அவன் எடுக்க மறந்த கிரிக்கெற் டிஸ்க்.

அந்த டிஸ்கில் உலகம் பதினொரு வருஷம் பின்னால் நிற்கிறது.
இப்போது தொப்பை வைத்து
ரீவியில் வர்ணனை சொல்லுகிற ஆள்
அதில் இன்னும் மெலிந்து, மூன்றாவதாக இறங்கி
கையுறையைக் கடித்து இறுக்குகிறார்.

ஆகவே ஒவ்வொரு ஒக்ரோபரும்
கோழித் தொழிற்சாலையில் பின்னேர ஷிப்ற் முடிந்து வந்து
நானும் கபிலதாசனும் கையாலேயே அப்டேற் செய்தோம்.
அவன் போனைப் பார்த்து அணிகளை வாசிப்பான்.
நான் அம்புக்குறியை நகர்த்தி நகர்த்தி
ஒவ்வொரு எழுத்தாகப் பெயர் மாற்றுவேன்.
ஏ-யில் இருந்து டபிள்யூவுக்கு இருபத்திரண்டு தட்டு.
பின்பக்கமாகப் போனால் நாலு என்று
இரண்டாம் வருஷம்தான் கண்டுபிடித்தான்,
உலகத்தையே மிச்சம் பிடித்தவன் மாதிரி
எழும்பி நின்று தேத்தண்ணி ஊற்றினான்.

மீசை. மட்டையின் ஸ்ரிக்கர். வலக்கையா இடக்கையா.
"கோபம்" என்று ஒரு அளவு, நூறுக்கு எத்தனை.
"அறுபது போதும்."
"விசரே, போன கிழமை நடுவரோட கொழுவினவன். எண்பது போடு."
சிம்பாப்வே முடிய விடிந்துவிடும்.
சேமிக்கவா என்று கேட்கும்.
கேட்காமல் விட்டாலும் சேமித்திருப்போம்.

ஒரு முறை, பகிடிக்கு,
அவுஸ்திரேலியாவின் பதினோராவது ஆளாக
அவனையே உருவாக்கினேன்.
வயது முப்பத்தொன்று, இடக்கைச் சுழல்.
தலைமயிர்ப் பட்டியலில் முன்வழுக்கை மட்டும் இல்லை.
துடுப்பாட்டம் நூறுக்கு ஏழு என்றேன், சண்டை பிடித்தான்,
பன்னிரண்டில் சமாதானமானோம்.
பச்சைத் தொப்பியோடு திரையில் திரும்பி நின்றான்.
"குடிவரவுக்காரன் ஒன்பது வருஷமாச் செய்யாததை
மூண்டு பட்டனிலை செய்திட்டாய்."

பிறகு அவனுக்கு உண்மையாகவே கிடைத்தது.
ரூவும்பாவில் இறைச்சி வேலை, கலியாணம், புதுப் பெட்டி.
"நான் நித்திரை கொள்ள அது தானே அப்டேற் எடுக்குது மச்சான்.
என்ன மாறினது எண்டே தெரியாது."
என்னுடைய கோப்பைப் பற்றி அவன் கேட்பதில்லை.
மாற்றம் இருந்தால் நானே சொல்லுவேன் என்று தெரியும்.

இந்த ஒக்ரோபர் தனியே இருந்தேன்.
இடக்கையில் போன், வலக்கையில் கொன்ரோலர்,
வாசிக்கிறவனும் நான், எழுதுகிறவனும் நான்,
எண்பது போடு என்று சொல்ல ஆளில்லை.
பதினோராவது பெயரில் அம்பு நின்றது.
வயதை முப்பத்தாறு ஆக்கினேன்.
முப்பத்தைந்து தாண்டினால்
தேர்வுக்குழு தானாகவே கழற்றிவிடும், அதை மறந்துபோனேன்.
அணியில் பத்துப் பேர்.
ஒரு சாம்பல் நிறக் கட்டம்.

எனக்கு இரவு இரண்டு மணி, அவனுக்கு ஒன்று.
குயின்ஸ்லாந்து கடிகாரத்தை மாற்றுவதில்லை.
"உன்னைத் தூக்கிட்டாங்கள்" என்றேன்.
கொஞ்ச நேரம் பான் சத்தம் மட்டும் கேட்டது.
"அப்ப நீ இறங்கு."
"எனக்கு முப்பத்திநாலு."
"ஒரு வருஷம் கிடக்குதானே."

யோகீஸ்வரன்.
முதல் எழுத்துக்குப் பின்பக்கமாக இரண்டே தட்டு.
மீசை இல்லை. கோபம், அவன் சொல்லி, எழுபத்தைந்து.
"துடுப்பாட்டம்?"
"ஏழு" என்றான், காத்திருந்தவன் மாதிரி.
மனுசி எழும்பிவிட்டாள் போல, யாரது என்று குரல்.

பன்னிரண்டு என்று கத்தினேன்.
இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்.